தாய்ப்பாலில் நஞ்சு இருக்கிறதாமே, நிறுத்திவிடட்டுமா?

கேள்வி: எனக்கு 28 வயது. முதல் குழந்தை. பையனுக்கு நாலு மாதம் ஆகப்போகிறது, தாய்ப்பால் மட்டும்தான் கொடுக்கிறேன். பள்ளிக்கரணையில் குடியிருக்கிறோம், பெருங்குடிக் குப்பைமேடு அதிக தூரமில்லை. அழியவே அழியாத ரசாயனங்கள் தண்ணீரிலும் தாய்ப்பாலிலும் இருக்கின்றன, அதனால் புற்றுநோய் வரும் என்று ஒரு செய்தியை என் கணவர் காட்டினார். அன்றிலிருந்து பவுடர் பாலுக்கு மாறிவிடலாம் என்கிறார். மாமியார், "பால் கொடுக்கிறவகிட்ட பேசுற பேச்சாடா இது" என்று அவரைச் சத்தம் போடுகிறார். நடுவில் நான். பால் கொடுக்க உட்கார்ந்தாலே அழுகை வருகிறது. நான்-ஸ்டிக் தவாவைத் தூக்கிப் போட்டுவிட்டேன். ரத்தப் பரிசோதனை செய்து பார்க்கலாமா? உடம்பிலிருந்து இதை வெளியேற்ற மருந்து உண்டா?
(பெயர் வெளியிட விரும்பாத வாசகி, பள்ளிக்கரணை)

குழந்தை மருத்துவரின் பதில்:

நிறுத்தாதீர்கள். பையன் இப்போது அழுதால் எழுந்து போய்ப் பால் கொடுத்துவிட்டு வாருங்கள். மீதியை அப்புறம் படித்துக்கொள்ளலாம்.

உங்கள் கணவர் காட்டியது பொய்ச் செய்தி இல்லை. சென்னையின் நீர்நிலைகளில் பிஃபாஸ் என்ற வகை ரசாயனங்கள் இருப்பதை ஐ.ஐ.டி. மெட்ராஸ் ஆய்வாளர்கள் கண்டது 2024-ல் செய்தியாக வந்தது. தாய்ப்பாலில் இவை இருப்பதும் உண்மைதான். உங்கள் பாலில் மட்டுமல்ல, டோக்கியோவிலோ ஸ்டாக்ஹோமிலோ எந்தத் தாயின் பாலை நுணுக்கமாகச் சோதித்தாலும் ஏதோ ஓர் அளவு இருக்கும். ஆனால் இந்த மாதிரிச் செய்திகளில் தாய்ப்பாலே ஏன் திரும்பத் திரும்ப வருகிறது என்பதை மட்டும் யாரும் எழுதுவதில்லை.

காரணம் ரொம்பச் சாதாரணமானது. மனித உடம்பின் கொழுப்பில் என்ன சேர்ந்திருக்கிறது என்று பார்க்க ஆயிரம் பேரின் வயிற்றைக் கிழித்துக் கொழுப்பெடுக்க முடியாது. பாலில் கொழுப்பு இருக்கிறது. ஊசி வேண்டாம், வலி இல்லை, கேட்டால் தாய்மார்கள் கொஞ்சம் கொடுத்துவிடுவார்கள். அதனால்தான் உலக சுகாதார நிறுவனம் 1987 முதல் பல நாடுகளில் தாய்ப்பாலைச் சேகரித்து, அந்தந்த நாட்டு மக்கள் உடம்பில் எவ்வளவு நஞ்சு ஏறியிருக்கிறது என்று பார்த்துவருகிறது. அளக்க வசதியாக இருந்தது என்பதால் பாலின் தலையில் பழி விழுந்துவிட்டது. பசும்பாலை, முட்டையை, ஏன், உங்கள் கணவரின் ரத்தத்தையே எடுத்துச் சோதித்தாலும் இதே ரசாயனங்கள் இருக்கும். அவரைப் பற்றி யாரும் தலைப்புச் செய்தி போடுவதில்லை, அவ்வளவுதான்.

நீங்கள் பயப்படும் ரசாயனங்கள் இரண்டு கூட்டம். முதல் கூட்டம் பழையது: டி.டி.டி., நம் ஊரில் கமாக்சின் என்று சொல்லும் பி.எச்.சி., டிரான்ஸ்பார்மர் எண்ணெயில் இருந்த பி.சி.பி., குப்பை எரியும்போது உண்டாகும் டையாக்சின். இவை கொழுப்பில் கரைந்து கொழுப்பிலேயே தங்குபவை. இரண்டாவது கூட்டம்தான் இப்போது செய்தியில் அடிபடும் பிஃபாஸ். எண்ணெயும் ஒட்டாமல் தண்ணீரும் ஒட்டாமல் இருப்பதற்காகத் தயாரிக்கப்பட்ட ஆயிரக்கணக்கான பொருட்களின் குடும்பம் அது. இவை கொழுப்பைத் தேடுவதில்லை, ரத்தத்தில் உள்ள புரதத்தோடு ஒட்டிக்கொள்கின்றன. இரண்டு கூட்டத்துக்கும் பொதுவான குணம், உடம்புக்கு இவற்றைச் சிதைத்து வெளியே தள்ளத் தெரியாது என்பது. இன்று உள்ளே போன பி.எஃப்.ஓ.ஏ. என்ற பிஃபாஸில் பாதி குறையவே இரண்டு, மூன்று ஆண்டுகள் ஆகும். டையாக்சினுக்கு ஏழெட்டு ஆண்டுகள்.

பெண்ணின் உடம்பு இந்த விஷயத்தில் ஓர் உண்டியல். போடத் துவாரம் இருக்கிறது, எடுக்க வழியில்லை. பிள்ளை பெற்றுப் பால் கொடுக்கும்போதுதான் கொஞ்சம் வெளியே வருகிறது. அதனால் முதல் குழந்தைக்குச் சற்று அதிகமாகப் போகும், அடுத்தடுத்த குழந்தைகளுக்குக் குறையும். இதை உங்களிடம் மறைப்பதில் அர்த்தமில்லை. நாளைக்கு வேறொரு செய்தியில் இதைப் படித்துவிட்டு மறுபடி அழுவதைவிட இப்போதே தெரிந்துகொள்வது நல்லது.

1966-ல் ஸ்வீடனில் சோரன் ஜென்சன் என்ற வேதியியலாளர் மீனிலும் கழுகிலும் டி.டி.டி.யைத் தேடிக்கொண்டிருந்தார். அவருடைய கருவி அடையாளம் தெரியாத வேறு பொருள் ஒன்றையும் காட்டிக்கொண்டே இருந்தது. தேடிப் பார்த்ததில் அது பி.சி.பி. தொழிற்சாலைக்குள் மட்டுமே இருப்பதாக எல்லோரும் நினைத்த பொருள். மனைவியின் தலைமுடியைச் சோதித்தார், அதிலும் இருந்தது. கைக்குழந்தையான மகளின் முடியிலும் இருந்தது. மீனே சாப்பிடாத குழந்தைக்கு எப்படி வந்தது? தாய்ப்பால் வழியாகத்தான் என்று முடிவுக்கு வந்தார். உங்களுக்கு இருக்கும் கலக்கம் ஏறக்குறைய அறுபது வருடத்துக்கு முன்பே ஒரு விஞ்ஞானியின் வீட்டுக்குள் நுழைந்துவிட்டது.

அடுத்து கனடா. 1980-களில் எரிக் டேவாய் என்ற மருத்துவர் கியூபெக் மாகாணத்தில் தாய்ப்பாலை ஆராய்ந்தார். ஒப்பிட்டுப் பார்க்கச் சுத்தமான பால் வேண்டுமே என்று, தொழிற்சாலை வாடையே இல்லாத வட கோடிப் பனிப்பிரதேசத்து இனுயிட் தாய்மாரிடம் வாங்கினார். அவர்கள் பாலில் பி.சி.பி. தெற்கே நகரங்களில் இருப்பவர்களைவிட ஐந்து மடங்கு. சீல் என்ற கடல்நாய், திமிங்கிலம் இவற்றின் கொழுப்புதான் அவர்கள் சாப்பாடு. வெப்ப நாடுகளில் ஆவியாகி எழும் இந்த ரசாயனங்கள் காற்றோடு போய்க் குளிர்ந்த இடத்தில் இறங்குகின்றன. அங்கே பாசியிலிருந்து மீனுக்கு, மீனிலிருந்து சீலுக்கு என்று ஒவ்வொரு படியிலும் செறிவு ஏறிக்கொண்டே போகிறது.

இதில் நம் ஊருக்கும் பங்கு உண்டு. சிதம்பரம் பக்கம் வெள்ளாற்றுப் படுகையில், பரங்கிப்பேட்டை கடலுயிரியல் மையத்தைச் சேர்ந்தவர்களும் ஜப்பானின் எஹிமே பல்கலைக்கழகத்தினரும் சேர்ந்து ஓர் ஆய்வு செய்து 1991-ல் வெளியிட்டார்கள். நெல் வயலில் பி.எச்.சி.யைத் தூவினால் அது எங்கே போகிறது என்பதுதான் கேள்வி. 99.6 சதவீதம் காற்றில் போனது. ஆறு வழியாகக் கடலுக்குப் போனது அரை சதவீதம்கூட இல்லை. 'பத்து சதத் தூள்' என்று மூட்டை மூட்டையாக வாங்கி நம் தாத்தாக்கள் வயலில் போட்ட மருந்து அதுதான். அந்த வகை மருந்து காற்றில் ஏறினால் எங்கே போய் இறங்கும் என்பதற்குத்தான் இனுயிட் தாய்மார்களின் கதையைச் சொன்னேன். இந்தியா 1997-ல் பி.எச்.சி.யைத் தடை செய்தது.

இவ்வளவையும் சொல்லிவிட்டு எப்படிப் பவுடர் வேண்டாம் என்கிறேன்?

முதலில், பவுடர் பால் வேறெங்கிருந்தோ வருவதில்லை. அதுவும் மாட்டுப் பாலிலிருந்துதான். இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் 1993-ல் வெளியிட்ட ஆய்வில், 12 மாநிலங்களில் எடுத்த 2,205 பால் மாதிரிகளில் 82 சதவீதத்தில் டி.டி.டி. இருந்தது. 20 பிராண்ட் குழந்தை உணவுப் பவுடர்களையும் பார்த்தார்கள்: 186 மாதிரிகளில் சுமார் 70 சதவீதத்தில் டி.டி.டி., 94 சதவீதத்தில் பி.எச்.சி. அது பழைய காலம், இன்று அளவு குறைந்திருக்கும். தாய்ப்பாலிலும்தான் குறைந்திருக்கும். டப்பாவில் அடைத்து வருவதாலேயே ஒன்று சுத்தமாகிவிடாது.

இரண்டாவது, பவுடரை எதில் கரைப்பீர்கள்? தண்ணீரில்தானே? உங்கள் கணவர் பயப்படுவதே தண்ணீரைப் பார்த்துத்தான். பிஃபாஸ் கலந்த தண்ணீரைக் கொதிக்கவைத்தால் அது போகாது. தண்ணீர் சுண்டச் சுண்ட அடர்த்தி கூடத்தான் செய்யும். தாய்ப்பால் மட்டும் குடிக்கும் குழந்தை ஒரு சொட்டுத் தண்ணீர்கூடக் குடிப்பதில்லை.  புட்டிக்கு மாறினால் நாளுக்கு ஆறேழு தடவை அந்தத் தண்ணீரையே நேராக வயிற்றுக்குள் ஊற்றுகிறீர்கள்.

பிஃபாஸ் அளவைப் பற்றியும் ஒரு தகவல். ஜப்பான், மலேசியா, பிலிப்பைன்ஸ், இந்தோனேசியா, வியட்நாம், கம்போடியா, இந்தியா ஆகிய ஏழு நாட்டுத் தாய்ப்பாலில் பிஃபாஸைத் தேடிய ஆய்வு ஒன்று 2008-ல் வந்தது. பி.எஃப்.ஓ.எஸ். என்ற வகையின் சராசரி மிகக் குறைவாக இருந்தது இந்திய மாதிரிகளில். ஜப்பானில் அது ஏறக்குறைய ஐந்து மடங்கு. ஜப்பானியத் தாய்மார்கள் பால் கொடுப்பதை நிறுத்திவிடவில்லை.

மூன்றாவதுதான் முக்கியம். தாய்ப்பால் வழியாகப் போனது குழந்தையை என்ன செய்தது என்று நேராகவே பார்த்திருக்கிறார்கள். அமெரிக்காவில் மிச்சிகன் ஏரியின் பி.சி.பி. படிந்த மீனைச் சாப்பிட்ட தாய்மார்களின் குழந்தைகளை ஜேக்கப்சன் தம்பதியர் பல ஆண்டுகள் தொடர்ந்து கவனித்தார்கள். 11 வயதில் 212 பிள்ளைகளைச் சோதித்து 1996-ல் எழுதினார்கள். கருவில் இருக்கும்போது அதிகம் பட்ட பிள்ளைகளின் அறிவுத்திறனில் குறை தெரிந்தது. பால் வழியாகப் போன அளவு அதைவிடப் பல மடங்கு. ஆனால் அதனால் குறை எதுவும் தெரியவில்லை. நெதர்லாந்தில் ரோட்டர்டாம், குரோனிங்கன் நகரங்களில் 418 தாய்-சேய் ஜோடிகளைப் பார்த்தார்கள். கிட்டத்தட்டப் பாதிப் பேர் தாய்ப்பால், பாதிப் பேர் பவுடர். மூன்றரை வயதில் கருக்காலத்துப் பி.சி.பி.யின் பாதிப்பு தெளிவாகத் தெரிந்தது பவுடர் குடித்த பிள்ளைகளிடம்தான்.

'அப்படியானால் கர்ப்பத்திலேயே போயிருக்குமே' என்று புது அழுகை ஆரம்பிக்க வேண்டாம். மிச்சிகனில் தெளிவான பாதிப்பு தெரிந்தது மிக அதிகம் பட்ட ஒரு சிறு கூட்டத்தில். உங்களுக்கும் அப்படித்தான் என்று நினைக்கக் கடிதத்தில் எந்தக் காரணமும் இல்லை.

எனக்கே உறுத்தலாக இருக்கும் ஆய்வு ஒன்று உண்டு, அதையும் சொல்லிவிடுகிறேன். வட அட்லாண்டிக்கில் ஃபாரோ தீவுகள் இருக்கின்றன. அங்கே திமிங்கிலக் கறி சாப்பிடுவார்கள். ஃபிலிப் கிரான்ஜான் என்ற மருத்துவர் அந்தக் குழந்தைகளைப் பிறந்ததிலிருந்து பின்தொடர்ந்து 2012-ல் எழுதினார். 5 வயதில் ரத்தத்தில் பிஃபாஸ் இரண்டு மடங்காக இருந்தால், 7 வயதில் டெட்டனஸ், டிப்தீரியா தடுப்பூசிகளால் கிடைத்த எதிர்ப்பணுக்கள் ஏறக்குறையப் பாதியாகக் குறைந்திருந்தன. நீண்ட நாள் தாய்ப்பால் குடித்த குழந்தைகளின் ரத்தத்தில் பிஃபாஸ் அதிகம் என்றும் அதே தீவில் தெரிந்தது. இதை லேசாகத் தள்ள முடியாது. ஆனால் இதைக் கையில் வைத்துக்கொண்டே அமெரிக்க அரசின் சுகாதார அமைப்புகளும் உலக சுகாதார நிறுவனமும் தாய்ப்பாலைத் தொடரச் சொல்கின்றன. எங்களைப் போன்றவர்களுக்கு அதன் நியாயம் சீக்கிரம் புரியும். புட்டிப்பால் குழந்தை வயிற்றுப்போக்கிலும் நிமோனியாவிலும் வந்து வார்டில் படுப்பது நாங்கள் கண்ணால் பார்ப்பது. பிஃபாஸால் வரும் நஷ்டம் எதிர்ப்பணுக் கணக்கில் தெரிகிறது. புட்டியால் வரும் நஷ்டம் இந்த மாதமே டிரிப்ஸ் பாட்டிலில் தெரியும். ஆறு மாதம்வரை தாய்ப்பால் மட்டும், அதன்பின் வீட்டுச் சாப்பாட்டோடு இரண்டு வயதுவரை தாய்ப்பால் என்ற கணக்கை உங்களுக்காக நான் மாற்றப்போவதில்லை.

இனி தவா. போட்டது போகட்டும், ஆனால் நீங்கள் நினைத்த காரணம் சரியில்லை. நான்-ஸ்டிக் பூச்சு உரிந்து வயிற்றுக்குள் போனாலும் ஜீரணமாகாமல் அப்படியே வெளியே வந்துவிடும். காலிப் பாத்திரத்தைப் பெரிய தீயில் மறந்து வைத்தால்தான் வம்பு. அந்தப் புகையில் கூண்டுக்கிளிகள் செத்துப்போகும், மனிதர்களுக்குக் காய்ச்சல் மாதிரி வரும். இரும்புத் தோசைக்கல்லை எண்ணெய் தடவிப் பழக்கி வைத்திருந்தால் அதுவே போதும், காசும் மிச்சம்.

தவாவின் உண்மையான கதை அடுப்பங்கரையில் நடக்கவில்லை. அமெரிக்காவின் மேற்கு வர்ஜீனியாவில் பார்க்கர்ஸ்பர்க் என்ற ஊரில் டெஃப்லான் செய்த டூபாண்ட் ஆலை, அதற்குப் பயன்பட்ட பி.எஃப்.ஓ.ஏ.வைப் பல ஆண்டுகள் ஆற்றிலும் காற்றிலும் விட்டது. பக்கத்துப் பண்ணையில் மாடுகள் சாகத் தொடங்கியபோது அந்த விவசாயி ராபர்ட் பிலாட் என்ற வக்கீலிடம் போனார். அதைத் தொடர்ந்து ஊர் மக்கள் சார்பில் அவர் நடத்திய வழக்கின் சமரசத்தால் சுமார் 69,000 பேரின் ரத்தம் சோதிக்கப்பட்டது. சிறுநீரகப் புற்றுநோய், விரைப் புற்றுநோய், பெருங்குடல் அழற்சி, தைராய்டு நோய், கர்ப்பகால ரத்தக்கொதிப்பு, அதிகக் கொலஸ்ட்ரால் ஆகிய ஆறுக்கும் பி.எஃப்.ஓ.ஏ.வுக்கும் தொடர்பு இருக்க வாய்ப்புண்டு என்று மூன்று நிபுணர்கள் கொண்ட குழு 2012-க்குள் முடிவு சொன்னது. உங்கள் கணவர் படித்த 'புற்றுநோய்' அங்கிருந்து வந்ததுதான். அந்த மக்கள் பல ஆண்டுகள் அந்தத் தண்ணீரையே குடித்தவர்கள். தவாவில் ஆம்லெட் போட்டவர்கள் அல்ல.

நீங்கள் இருக்கும் இடத்தைப் பார்த்தால், எனக்கு பிஃபாஸைவிடக் குப்பைப் புகைதான் கவலை. டையாக்சினை யாரும் வேண்டுமென்று தயாரிப்பதில்லை. பி.வி.சி. ஒயர், பைப் மாதிரியான பொருட்கள் குறைந்த சூட்டில் மெல்லப் புகைந்து எரியும்போது தானாக உண்டாகிறது. சென்னையில் திறந்தவெளிக் குப்பைமேட்டைச் சுற்றி வாழ்ந்த தாய்மார்களின் பாலைச் சோதித்த ஆய்வு 2004-ல் வெளிவந்தது. கம்போடியா, வியட்நாம், பிலிப்பைன்ஸ் குப்பைமேடுகளைவிட இங்கேதான் டையாக்சின் வகைகள் அதிகம். ஆய்வாளர்கள் கைகாட்டியது எதை என்று நினைக்கிறீர்கள்? மாட்டை. குப்பைமேட்டில் மேயும் மாட்டின் பாலில் டையாக்சின் ஏறி, அந்தப் பாலைக் குடித்த தாய்க்கு வந்திருக்கிறது என்பது அவர்கள் கணிப்பு.

அதனால் உங்கள் வீட்டுக்குப் பால் யார் ஊற்றுகிறார் என்று பாருங்கள். பால்காரரிடம் மாடு எங்கே மேய்கிறது என்று கேட்பதில் தப்பில்லை. சதுப்பு நிலத்தோரமும் குப்பை கொட்டும் இடத்திலும் மேய்ந்துவிட்டு வரும் மாடு என்றால், 'கறந்த பால்' என்ற மோகத்தை விட்டுவிட்டுப் பாக்கெட் பாலுக்கு மாறுங்கள். அது பல ஊர்ப் பால் கலந்தது. ஓரிடத்து நஞ்சு அதில் நீர்த்துப்போகும்.

உங்கள் தெருவில் யாராவது சருகோடு பிளாஸ்டிக்கைச் சேர்த்துக் கொளுத்தினால் 1913-க்கு போன் செய்து மாநகராட்சியில் புகார் சொல்லச் சொல்லுங்கள், உங்கள் கணவரை. செய்தி படிக்கிற நேரத்தில் உருப்படியாக ஒரு வேலை. பெருங்குடி மேடு 2022 ஏப்ரலில் தீப்பிடித்து நாள்கணக்கில் புகைந்தது நினைவிருக்கும். மறுபடி அப்படி நடந்தால் குழந்தையோடு சில நாள் அம்மா வீட்டுக்குப் போய்விடுங்கள். அதற்கெல்லாம் டாக்டரின் அனுமதி வேண்டியதில்லை.

மாமியார் உங்கள் பக்கம் நின்றதற்கு என் வணக்கம். அவரிடம் ஒன்று மட்டும் பக்குவமாகப் பேச வேண்டும். பால் நன்றாக ஊற வேண்டும் என்று பிள்ளை பெற்றவளுக்குச் சுறாப்புட்டு செய்து போடுவது நம் கடற்கரை ஊர்களின் வழக்கம். சுறா மற்ற மீன்களைத் தின்று வாழும் மீன். இனுயிட் கதையில் சொன்ன அதே ஏறுபடி அதன் உடம்பிலும் நடக்கிறது, பாதரசமும் சேர்த்து. எப்போதாவது சின்னப் பால்சுறா என்றால் சரி, வாரம் தவறாமல் வேண்டாம். நெத்திலியும் மத்தியும் காரப்பொடியும் சின்ன வயதிலேயே பிடிபடும் சிறு மீன்கள். அவற்றில் சேர்ந்திருப்பது குறைவு, சத்தும் அதிகம். பூண்டுக் குழம்பில் நெத்திலி போட்டால் மாமியாரும் மறுக்கமாட்டார்.

பிரசவ எடையைக் குறைக்க இப்போது பட்டினி கிடக்காதீர்கள். கொழுப்பு வேகமாகக் கரைந்தால் அதில் தங்கியிருந்ததும் ரத்தத்துக்கு வரும். எடை மெல்ல இறங்கட்டும். தலைப்பேனுக்கோ சொறிக்கோ பழைய லிண்டேன் லோஷன் பாட்டில் அலமாரியில் கிடந்தால் தூக்கிப் போடுங்கள். அது கமாக்சின் குடும்பம்தான். இப்போது பெர்மெத்ரின் இருக்கிறது. வீட்டில் ஆர்.ஓ. இருந்தால் அது பிஃபாஸைப் பெருமளவு வடிகட்டிவிடும், மெம்பரேனைக் காலத்தில் மாற்றினால் போதும். குழந்தை தவழ ஆரம்பித்ததும் தரையைப் பெருக்குவதோடு விடாமல் ஈரத்துணியால் துடையுங்கள். இந்த ரசாயனங்கள் வீட்டுத் தூசியிலும் படிகின்றன, தூசி அவன் கை வழியாக வாய்க்குப் போகும்.

ரத்தப் பரிசோதனை வேண்டாம். எண் ஒன்று வரும், அதை வைத்து நான் உங்களுக்குச் செய்யப்போவது ஒன்றுமில்லை. அந்த எண்ணைப் பார்த்துப் பார்த்து நீங்கள் தூங்காமல் இருப்பீர்கள். 'டீடாக்ஸ்' என்று விற்கும் ஜூஸும் பொடியும் சுத்த ஏமாற்று. தீயணைப்பு நுரையில் பிஃபாஸ் இருந்ததால் அதிகம் பாதிக்கப்பட்ட ஆஸ்திரேலியத் தீயணைப்பு வீரர்களிடம், ரத்தமும் பிளாஸ்மாவும் தானம் செய்யவைத்தால் அளவு குறைகிறது என்று 2022-ல் காட்டினார்கள். அது அவர்களுக்குச் சரி. பால் கொடுக்கும் தாய்க்கு இப்போது ரத்தம் எடுக்கிற வேலை எதற்கு?

நீங்கள் வீட்டுக்குள் செய்யக்கூடியது இவ்வளவுதான், அது கொஞ்சம்தான். பாலில் இந்த நஞ்சு எங்காவது குறைந்திருக்கிறது என்றால், தாய்மார்கள் தவாவை மாற்றியதால் குறையவில்லை. அரசாங்கம் தடை போட்டதால் குறைந்தது. ஸ்வீடனில் 1970-களிலிருந்து தாய்ப்பாலைச் சேமித்துச் சோதித்துவந்தார்கள். டி.டி.டி.யும் பி.சி.பி.யும் தடைக்குப் பின் ஆண்டுக்காண்டு இறங்கின. ஆனால் அதே பாலில், தீப்பிடிக்காமலிருக்க சோபாவிலும் கம்ப்யூட்டரிலும் சேர்த்த புரோமின் ரசாயனம் 1972 முதல் 1997 வரை ஐந்து வருடத்துக்கு ஒருமுறை இரட்டிப்பாகிக்கொண்டே வந்தது. ஒன்றைத் தடுத்தால் கம்பெனிக்காரர்கள் இன்னொன்றோடு வருகிறார்கள்.

இத்தாலியின் வெனட்டோ பகுதியில் ட்ரிசினோ என்ற ஊரிலிருந்த மிட்டெனி ஆலை, பிஃபாஸால் நிலத்தடி நீரைக் கெடுத்தது. பிள்ளைகளின் ரத்தப் பரிசோதனை முடிவைப் பார்த்த தாய்மார்கள் 2017-ல் சங்கம் சேர்ந்து, வழக்கில் தாங்களும் சேர்ந்துகொண்டார்கள். ஆலை 2018-ல் மூடப்பட்டது, 2025 ஜூனில் அதன் நிர்வாகிகள் 11 பேருக்குச் சிறைத்தண்டனை. அந்த ஆலையின் இயந்திரங்கள் என்ன ஆயின தெரியுமா? இந்திய நிறுவனம் ஒன்று வாங்கி, மகாராஷ்டிரத்தின் ரத்னகிரி மாவட்டத்தில் லோட்டே பரசுராம் தொழிற்பேட்டைக்குக் கொண்டுவந்துவிட்டது. உங்கள் கணவருக்குக் கோபம் வந்தால் அது போகவேண்டிய திசை இதுதான். உங்கள் பால் பக்கம் அல்ல.

கடைசியாக, தடுப்பூசி பற்றிக் கடிதத்தில் எதுவும் எழுதவில்லை. ஃபாரோ தீவு ஆய்விலிருந்து உங்கள் பையனுக்கு எடுத்துக்கொள்ள வேண்டியது ஒன்று உண்டென்றால், ஊசி ஒன்றுகூடத் தவறக்கூடாது என்பதுதான். நாலு மாதம் ஆகப்போகிறது என்றால் 6, 10, 14 வாரத்து பென்டாவேலன்ட் மூன்றும் முடிந்திருக்க வேண்டும். அட்டையை எடுத்துப் பாருங்கள். 14-வது வாரத்து ஊசி விட்டுப்போயிருந்தால் அடுத்த மாதத்துக்குத் தள்ளிப்போடாமல் இந்த வாரமே போட்டுவிடுங்கள், போட்டதும் அங்கேயே உட்கார்ந்து பால் கொடுங்கள். வலியும் அழுகையும் சீக்கிரம் அடங்கும்.